ஒரே முகத்தில் மூன்று வேடம்

பழிவாங்கும் கதை என்று நாம் சொல்லும் எதிலும் பழி வாங்குவது கடைசிச் சில நிமிடங்கள்தான். மற்றதெல்லாம் காத்திருப்பு. உறையிலிருந்து வாளை எடுக்காமல் இருப்பது, குடித்துச் சீரழிந்துவிட்டதாக ஊரை நம்பவைப்பது, மனைவியைப் பிறந்தகத்துக்கு அனுப்பிவைப்பது, தெரு நடுவே ஒருவன் காறித் துப்பினாலும் துடைத்துக்கொண்டு போவது. அகோ சீமையின் நாற்பத்தேழு ரோனின்களின் (எஜமானை இழந்த சாமுராய்களின்) கதையை ஜப்பானியர் முந்நூறு ஆண்டுகளாகச் சொல்லிச் சலிக்காததற்குக் காரணம் அந்தக் காத்திருப்பில் இருக்கிறது. அதில் மனிதர்கள் அகப்படுகிறார்கள். கொலையில் வாள்கள் மட்டுமே அகப்படும்.

சினிமாவுக்குக் காத்திருப்பு ஆகிவராது. பேசாத சினிமாவுக்கு அறவே ஆகாது. மனத்துக்குள் கனன்றுகொண்டிருக்கும் ஒன்றைக் காட்ட அதனிடம் சொல் இல்லை. கை கால் இருக்கிறது, கண் இருக்கிறது, அவ்வளவுதான். அப்படியிருந்தும் ஜப்பானிய மௌனப் படக்காரர்கள் திரும்பத் திரும்ப இந்தக் கதையிடம்தான் போனார்கள். போனவர்கள் என்ன கொண்டுவந்தார்கள் என்று பார்த்தால், அவர்கள் தேடிப் போகாத ஒன்றும் கையோடு வந்திருப்பது தெரிகிறது.

முதலில் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிட வேண்டும். 1701 வசந்தம். எடோ (இன்றைய தோக்கியோ) கோட்டையில், நாட்டை ஆண்ட படைத்தலைவரான ஷோகனைப் பார்க்கப் பேரரசரின் தூதர்கள் வந்திருக்கிறார்கள். உபசரிப்புப் பொறுப்பிலிருந்த அகோ பிரபு அசானோ நாகனோரி, பைன் மரங்கள் தீட்டிய கதவுகள் வரிசையாக நிற்கும் நடைகூடத்தில், சடங்கு முறைகளின் அதிகாரியான கிரா யோஷினாகாவைக் குத்துவாளால் வெட்டினார். நெற்றியிலும் முதுகிலும் காயம், உயிர் போகவில்லை. காஜிகாவா என்னும் அதிகாரி அசானோவைப் பின்னாலிருந்து கட்டிப்பிடித்துக்கொண்டார். பிடித்ததற்காக அவருக்கு மானியம் உயர்ந்தது. கோட்டைக்குள் வாள் உருவியதற்காக அசானோவுக்கு அன்றைக்கே செப்புக்கு தண்டனை: தன் வயிற்றைத் தானே கிழித்துக்கொண்டு சாக வேண்டும். அவருடைய சீமை பறிமுதல் ஆயிற்று. கிராவுக்குத் தண்டனை இல்லை.

ஏன் வெட்டினார்? மனத்தாங்கல் என்பதற்கு மேல் அசானோ எதையும் சொல்லிவைக்கவில்லை. கிரா லஞ்சம் எதிர்பார்த்தார், கிடைக்காததால் அவமானப்படுத்தினார் என்பதும், அசானோவின் மனைவிமேல் கண்வைத்தார் என்பதும் பின்னால் வந்த நாடகக்காரர்கள் இட்டு நிரப்பியவை. ஜப்பானின் ஆகப் பெரிய விசுவாசக் கதையின் நடுவில் ஒரு வெற்றிடம் இருக்கிறது. எஜமானின் கோபம் நியாயமானதா என்பதே தெரியாமல் நாற்பத்தேழு பேர் அதற்காக உயிரைப் பணயம் வைத்திருக்கிறார்கள்.

அசானோவின் சீமை ஐம்பதினாயிரம் கொகு விளைச்சலுடையது. கொகு என்பது அரிசியின் அளவு. சாமுராய்க்குச் சம்பளமே அரிசிக் கணக்கில்தான். செஞ்சோற்றுக் கடன் என்று நாம் காவிய நடையில் சொல்வது அவர்களுக்கு அன்றாட வரவு செலவு. எஜமான் போனதும் அத்தனை பேரும் சோறு இழந்த ரோனின்கள் ஆனார்கள். பெரும்பாலோர் கலைந்து போய் வேறு பிழைப்புப் பார்த்தார்கள். தலைமைச் சேவகர் ஓய்ஷி குரானோசுகே கியோட்டோவை ஒட்டிய யமஷினாவில் குடியேறி, கேளிக்கை வீடுகளில் பொழுதைக் கழித்தார். கிராவின் ஒற்றர்களை ஏமாற்றப் போட்ட வேஷம் அது என்பது கதை. கொஞ்சம் உண்மையாகவும் குடித்திருக்கலாம் என்று நினைத்தால் அந்த மனிதர் நமக்கு இன்னும் நெருங்கி வருகிறார். ஏறத்தாழ 21 மாதங்களுக்குப் பிறகு, பழைய நாட்காட்டிப்படி பன்னிரண்டாம் மாதம் 14ஆம் நாள் இரவு (மேற்கத்தியக் கணக்கில் 1703 ஜனவரிக் கடைசி), ஹோன்ஜோவில் இருந்த கிராவின் மாளிகைக்குள் புகுந்தார்கள். அவர் தலையைக் கொய்துகொண்டு, ஏறத்தாழ 10 கிலோமீட்டர் நடந்து, செங்காகுஜி கோவிலில் எஜமானின் கல்லறைமுன் வைத்தார்கள். ஒன்றரை மாதம் கழித்து அவர்களில் நாற்பத்தாறு பேருக்குச் செப்புக்கு விதிக்கப்பட்டது. எஞ்சிய ஒருவர், தெரசாகா கிச்சியேமோன், எண்பதைத் தாண்டி வாழ்ந்து 1747இல் இறந்தார்.

இன்று இது தேசிய காவியம். அன்று அப்படி ஒருமனதாக யாரும் கைதட்டிவிடவில்லை. கன்பூசிய அறிஞர் சாதோ நவோகாதா நேராகவே கேட்டார்: அசானோவைக் கொன்றது சட்டம், கிரா எப்படி இவர்களுக்கு எதிரி ஆவார்? ஓக்யூ சொராய் தனிமனித நெறியையும் பொதுச்சட்டத்தையும் பிரித்தார். செயலில் மானம் உண்டு, ஆனாலும் சட்டம் சட்டம்தான். ஆகவே குற்றவாளிகளைப்போலத் தலையை வெட்டாமல் கௌரவமாகச் சாக விடுங்கள் என்பது அவர் வாதம். சாமுராய் நெறி என்றாலே பலரும் எடுத்துக்காட்டும் 'ஹகாகுரே'யின் ஆசிரியர் யமமோதோ சுனெதோமோவின் குறை வேறு மாதிரியானது. இவ்வளவு நாள் எதற்குக் காத்திருந்தார்கள்? இடையில் கிரா நோயில் விழுந்து செத்திருந்தால் என்ன செய்திருப்பார்கள்? அவருக்குத் திட்டம் போடுவதே அசிங்கம். உடனே பாய்ந்து உடனே சாவதுதான் நெறி. ஆக, நாம் இந்தக் கதையில் எதை வியக்கிறோமோ, அந்தக் காத்திருப்பைத்தான் சாமுராய் நெறியின் தீவிரவாதி ஒருவர் குற்றம் என்றார்.

வாதங்களை மேடை தீர்த்துவைத்தது. 1748இல் ஒசாகாவில் பொம்மலாட்டமாக அரங்கேறிய 'கானதெஹோன் சூஷிங்குரா', தணிக்கைக்குப் பயந்து கதையைப் பதினான்காம் நூற்றாண்டுக்குத் தள்ளி, பெயர்களை மாற்றி, காதலையும் துரோகத்தையும் கலந்து, கிராவைத் தீராத கயவனாக்கிவிட்டது. கபுகி நாடக மேடையும் அதை உடனே எடுத்துக்கொண்டது. தாக்குதல் நடந்த இரவில் தரையில் பழைய பனி கிடந்தது. வானம் தெளிவாக நிலவோடு இருந்தது. மேடையில் பனி கொட்டியது. அதன் பிறகு எந்த இயக்குநருக்கும் பனி கொட்டாத தாக்குதல் தெரியாது.

இந்த மேடையிலிருந்துதான் ஜப்பானிய சினிமா நேரே இறங்கி வந்தது. எஞ்சியிருப்பவற்றில் மிகப் பழைய ஜப்பானியப் படமான 'மொமிஜிகாரி' 1899இல் கபுகிசா அரங்கின் பின்புறத்தில், காற்றடிக்கும் திறந்தவெளியில் எடுக்கப்பட்டது. நடித்தவர் அக்காலத்தின் மாபெரும் கபுகி நடிகர் ஒன்பதாம் இச்சிகாவா தஞ்சூரோ. நடனத்தின் நடுவே அவருடைய விசிறியைக் காற்று பறித்துக்கொண்டது. மறுபடி எடுக்கவில்லை, நழுவிய விசிறி அப்படியே படத்தில் இருக்கிறது.

அடுத்த பத்தாண்டில் கியோட்டோவில் சென்பொன்சா என்ற நாடகக் கொட்டகையை நடத்திய மகினோ ஷோசோ, யோகோதா நிறுவனத்துக்காகப் படம் எடுக்கத் தொடங்கினார். அவர் கண்டெடுத்த நடிகர் ஊர் ஊராகச் சுற்றிய நாடகக் குழுவின் ஓனோயே மட்சுனோசுகே. 1909இல் சேர்ந்தார்கள், ஜப்பானின் முதல் திரை நட்சத்திரம் பிறந்தார். உருட்டி விழிக்கும் கண்களுக்காக 'கண்முழி மட்சு' என்று பிள்ளைகள் செல்லமாகக் கூப்பிட்டார்கள். ஆயிரம் படம் நடித்தார் என்பது வழக்கமாகச் சொல்லும் கணக்கு. இன்று கையில் இருப்பவை விரல்விட்டு எண்ணத்தக்கவை.

அந்தச் சிலவற்றில் ஒன்று, 1910 என்று பொதுவாகக் குறிப்பிடப்படும் 'சூஷிங்குரா'. பின்னர் எடுத்த காட்சிகளும் கலந்த பிரதியாக நமக்கு வந்திருக்கிறது. நம் காலத்துக் கண்ணுக்கு முதலில் இது நாடகத்தைப் படம்பிடித்ததாகவே தெரியும். கேமரா பார்வையாளர் இருக்கையில் உட்கார்ந்துவிட்டால் எழுந்திருப்பதில்லை. நடிகர் தலையிலிருந்து பாதம்வரை தெரிவார். முகத்தை மட்டும் நெருங்கிக் காட்டும் பழக்கம் இன்னும் வரவில்லை. பின்னணியில் தீட்டிய திரை. பெண் வேடங்களில் ஆண்கள். நடைகூடக் காட்சியில் பிரபுக்களின் நீண்ட காற்சட்டை பாதத்தைத் தாண்டித் தரையில் இழுபடுகிறது. கோட்டைக்குள் யாரும் ஓடக்கூடாது, பாயக்கூடாது என்பதற்கே தைத்த உடை. அந்த உடையோடு ஒரு மனிதன் இன்னொருவன்மேல் பாய்கிறான். துணியே தடுக்கிறது. எஜமானின் கோபத்தையும் அது எவ்வளவு கூடாத கோபம் என்பதையும் ஒரு வார்த்தை இல்லாமல் ஒரே நேரத்தில் காட்டிவிடுகிறது அந்த இழுபடும் துணி. மேடையிலும் இதே உடைதான். ஆனால் மேடையில் நாம் வசனத்தைக் கேட்டுக்கொண்டிருப்போம். பேச்சு போனதும் கண்ணுக்குத் துணி தெரிகிறது.

இனிதான் நான் சொல்ல வந்தது. இந்தப் படத்தில் மட்சுனோசுகேக்கு மூன்று வேடம். அவரே வெட்டிச் சாகும் பிரபு அசானோ. அவரே பழிவாங்கும் ஓய்ஷி. அவரே கிராவின் மாளிகையைக் காத்து நிற்கும் வாள்வீரன் ஷிமிசு இச்சிகாகு.

காரணம் எளிது. நட்சத்திரத்தைப் பார்க்கத்தான் கூட்டம் வருகிறது. முதல் பாதியில் இறந்துவிடும் வேடத்தில் மட்டும் அவரைப் போட முடியுமா? சண்டைக் காட்சியில் தலைவர் ஓய்ஷி கௌரவமாக நிற்க வேண்டியவர். கண்ணை உருட்டிச் சுழன்று சுழன்று வெட்டுவதற்கு ஒரு ஆள் வேண்டும். இரண்டு கையிலும் வாள் பிடித்து ஆடுபவனாக மேடையில் பேர் வாங்கிய பாத்திரம் ஷிமிசு. அதையும் அவருக்கே கொடுத்துவிட்டார்கள். கபுகியில் ஒரே நடிகர் பல வேடம் கட்டுவது புதிதும் இல்லை. வியாபாரமும் வழக்கமும் சேர்ந்து எடுத்த முடிவு இது.

ஆனாலும் முடிவு முடிவுதான். எஜமானுக்கும், அவனுக்காகச் சாகப் போகும் சேவகனுக்கும், எதிரிக்காகச் சாகும் சேவகனுக்கும் ஒரே முகம். ஷிமிசு கிராவின் சொந்தச் சீமைக்காரன். விவசாயக் குடும்பத்தில் பிறந்து வாளால் மேலே வந்தவன் என்பர். உறக்கத்திலிருந்து எழுந்து வந்து, தன் எஜமான் நல்லவனா கெட்டவனா என்று கேட்காமல், நின்று சண்டை போட்டுச் சாகிறான். ஓய்ஷி செய்ததிலிருந்து இது எந்த விதத்தில் வேறு? அன்றிரவு கிராவின் தரப்பில் ஏறத்தாழ பதினாறு பேர் இறந்தார்கள். வந்தவர்களில் ஒருவரும் சாகவில்லை. இறந்தவர்களில் பலர் தூக்கத்திலிருந்து எழுந்து வந்தவர்கள். செஞ்சோற்றுக் கடன் தீர்த்தவர்கள் என்று பார்த்தால் அவர்களும் தீர்த்தவர்கள்தான்.

கிராவின் பேரன் யோஷிச்சிகா இன்னும் பரிதாபம். தத்துப்பிள்ளையாகி வாரிசான அந்த இளைஞன் அன்றிரவு போராடிக் காயம்பட்டான். அவனுக்குக் கிடைத்தது தண்டனை: மாளிகையைச் சரியாகக் காக்கத் தவறினான் என்று சொத்தைப் பறித்துச் சுவாவுக்கு நாடுகடத்தினார்கள். அங்கே காவலிலேயே 1706இல் இருபது வயதை ஒட்டி இறந்தான். அதே நேரம் அசானோவின் தம்பி 1709இல் மன்னிக்கப்பட்டு, பிறகு சிறு மானியத்தோடு குடும்பப் பெயரையும் மீட்டுக்கொண்டார். கிராவின் சொந்த ஊர் இன்றைய அய்ச்சி மாவட்டத்தில் இருக்கிறது. அங்கே அவரைக் கயவன் என்றால் யாரும் ஒப்பமாட்டார்கள். வெள்ளம் தடுக்கக் கரை கட்டியவர், சிவப்புக் குதிரையில் ஏறிக் குடியானவர்களைப் பார்த்து வந்தவர் என்று அங்கே வேறொரு கதை நடமாடுகிறது.

அப்படியானால் 1910இல் கொட்டகையில் இருந்தவர்கள் இந்தக் குழப்பத்தைப் பார்த்தார்களா? பார்த்திருக்க வாய்ப்பில்லை. ஏனென்றால் அந்தப் படம் அவர்களுக்கு மௌனமாக இருக்கவில்லை. திரைக்குப் பக்கத்தில் பென்ஷி இருந்தார்.

பென்ஷி என்றால் கதை சொல்பவர் என்று மட்டும் எண்ணக்கூடாது. தொடக்க காலத்து ஜப்பானியப் படங்களுக்குப் பலர் சேர்ந்து பாத்திரத்துக்கு ஒரு குரலாக வசனம் பேசினார்கள். பின்னர் ஒருவரே எல்லாக் குரலும் ஆனார். இசைக்குழு அவர் சொல்லுக்கு ஏற்ப வாசிக்கும். எந்தப் படம் ஓடுகிறது என்பதைவிட எந்தப் பென்ஷி பேசுகிறார் என்று பார்த்துச் சீட்டு வாங்கியவர்கள் உண்டு. அந்த நீண்ட அசையாத காட்சிகள் அவர்களுக்குப் பேச இடம் விட்டவை. எங்கே அழ வேண்டும், யார்மேல் கோபப்பட வேண்டும் என்பதெல்லாம் அந்தக் குரலில் வந்தது. இதே காலத்தில் தோச்சூகென் குமோயேமோன் போன்ற நானிவாபுஷி பாடகர்கள் ரோனின்கள் கதையைப் பாடியே பெரும் புகழ் பெற்றிருந்தார்கள். ரஷ்யப் போரில் வென்று பெருமிதத்தில் மிதந்த நாடு அது. 1912இல் மெய்ஜி பேரரசரின் இறுதி ஊர்வலத்தன்று தளபதி நோகி வயிற்றைக் கிழித்துக்கொண்டு எஜமானைப் பின்தொடர்ந்தார். அந்தக் கொட்டகையில் ஓய்ஷி யாருக்காக நிற்கிறார் என்று யாருக்கும் விளக்கவேண்டி இருந்திராது. ஷிமிசுவின் சாவு சண்டைக் காட்சி. ஓய்ஷியின் சாவு தியாகம். முகம் ஒன்றுதான். குரல் இரண்டாகப் பிரித்தது.

இதில் ஒரு முரண்பாடும் உண்டு. பழிக்குப் பழி வாங்கும் உரிமையை மெய்ஜி அரசு 1873இலேயே சட்டத்தால் ஒழித்துவிட்டது. ஆனால் 1868இல் இளம் பேரரசர் செங்காகுஜிக்குத் தூதரை அனுப்பி ஓய்ஷியின் விசுவாசத்தைப் பாராட்டியிருந்தார். பழி வேண்டாம், விசுவாசம் மட்டும் வேண்டும். எஜமானின் இடத்தில் அரசு உட்கார்ந்துகொண்டது. அதற்கு இந்தக் கதை வசதியாக இருந்தது.

கத்திச் சண்டைப் படங்கள் அரசுக்கு எப்போதும் அவ்வளவு வசதியாக இருந்துவிடவில்லை என்பதுதான் அடுத்த பதினைந்து ஆண்டுகளின் சுவாரஸ்யம். மேடையில் 1917இல் சவாதா ஷோஜிரோ தொடங்கிய ஷின்கொகுகெகி குழு நடனம்போல் இருந்த வாள்வீச்சை வியர்வையும் மூச்சிரைப்புமாக மாற்றியது. 1923 செப்டம்பர் 1இன் பூகம்பம் தோக்கியோவின் படப்பிடிப்பு நிலையங்களைக் குலைத்தது. தொழில் கியோட்டோவில் குவிந்தது. இளைஞர்கள் வந்தார்கள். கேமரா எழுந்து நடந்தது, பிறகு ஓடியது.

1925இன் 'ஒரோச்சி' இந்த மாற்றத்தின் நடுவே நிற்கிறது. ஃபுதகாவா புந்தாரோ இயக்கம். சுசுகிதா ரோகுஹேய் கதை. நடித்துத் தயாரித்தவர் பாண்டோ சுமசபுரோ. நாயகன் ஹெய்சபுரோ நல்லவன், முன்கோபி. யாரோ செய்த அவமதிப்புக்கு எதிர்த்து நின்றால் பழி இவன்மேல் விழுகிறது. குருவும் கைவிடுகிறார், அவர் மகளும் நம்பவில்லை. ஒவ்வொரு முறை நியாயம் செய்யப் போகும்போதும் இன்னொரு குற்றம் சேர்கிறது. கொடைவள்ளல் என்று ஊர் கொண்டாடும் ஒருவனிடம் அடைக்கலம் போகிறான். அவன்தான் நிஜமான அயோக்கியன். நல்லவர் என்று பேர் எடுத்தவரெல்லாம் நல்லவர் அல்லர், கெட்டவன் என்று பேர் எடுத்தவனெல்லாம் கெட்டவனும் அல்லன் என்பதைப் படம் ஒளிக்காமல் சொல்கிறது. முதலில் இதற்குப் 'போக்கிரி' என்ற பொருளில் வைத்திருந்த தலைப்பைத் தணிக்கை மாற்றச் சொன்னதாக வரலாறு. அதே 1925இல்தான் உள்துறை அமைச்சகம் நாடு முழுமைக்கும் ஒரே திரைப்படத் தணிக்கையைக் கொண்டுவந்தது.

'ஒரோச்சி'யின் கடைசிச் சண்டையைப் பார்த்தவர் மறக்க மாட்டார். தெருக்களிலும் சுவரோரங்களிலும் காவலர் கூட்டம் வந்துகொண்டே இருக்கிறது: கயிறு, ஏணி, நீண்ட தடி. சுமசபுரோ வெட்டுகிறார், ஓடுகிறார், மூச்சு வாங்குகிறார், மறுபடி வெட்டுகிறார். தலைமுடி கலைந்து முகத்தில் விழுகிறது. ஒரு கட்டத்தில் வாளைப் பிடித்த விரல்கள் பிரிய மறுக்கின்றன. இறுகிப்போன அந்தக் கையை அவரே வெறித்துப் பார்க்கிறார். மட்சுனோசுகே ஆயிரம் பேரை வெட்டினாலும் கை வலித்ததில்லை. இங்கே வெட்டுபவனுக்கு வலிக்கிறது. எஜமான் இல்லாத, யாருக்காகவும் இல்லாத வாள் எவ்வளவு கனம் என்பது தெரிகிறது. கட்டி இழுத்துக்கொண்டு போகும்போது ஊர் அவனைத் தூற்றுகிறது.

இத்தோ தைசுகே இதை இன்னும் ஒரு படி கொண்டுபோனார். 1927இல் மூன்று பாகமாக வந்த 'சூஜியின் பயணக் குறிப்புகள்' படத்தில், ஏழைகளுக்கு உதவிய சூதாட்டக் கூட்டத்தலைவன் என்று புகழ்பெற்ற குனிசாதா சூஜியாக ஒகோச்சி தென்ஜிரோ நடித்தார். விசுவாசக் கதையை அப்படியே கவிழ்த்துப் போட்ட படம். இங்கே தலைவன் இருக்கிறான். அவன் ஆட்களே அவனுக்கு உண்மையாக இல்லை. கடைசிப் பாகத்தில் சூஜி பக்கவாதத்தில் படுத்துவிடுகிறான். வெளியே காவலர்கள் சூழ்ந்துவிட்டார்கள். நாட்டிலேயே வேகமான கத்திக்காரன் கையைத் தூக்க முடியாமல் படுக்கையில் கிடக்கிறான். அவனுக்காக மற்றவர்கள் மடிகிறார்கள். அசைவே உயிரான ஒரு கலை, அசைய முடியாத நாயகனை நடுவில் கிடத்தி உச்சக் காட்சியை எடுத்திருக்கிறது. காத்திருப்பைக் காட்ட சினிமாவுக்கு வழி இல்லை என்று முதலில் சொன்னேன். இத்தோ வழி கண்டுபிடித்துவிட்டார். இந்தப் படம் முழுவதும் அழிந்துவிட்டது என்றே வெகுகாலம் நம்பியிருந்தார்கள். 1991இல் ஹிரோஷிமாவில் ஒரு பிரதி கிடைத்தது: இரண்டாம் பாகத்தின் கொஞ்சமும் மூன்றாம் பாகத்தின் பெரும்பகுதியும்.

இளைஞர்கள் இப்படி எஜமானையும் விசுவாசத்தையும் உரசிப் பார்த்துக்கொண்டிருந்தபோது, மூத்தவர் மகினோ தன் ஐம்பது வயதை ஒட்டி மறுபடி சூஷிங்குராவுக்கே திரும்பினார். மட்சுனோசுகேயை விட்டு 1921இல் பிரிந்து சொந்த நிறுவனம் நடத்திக்கொண்டிருந்தவர் அவர். முதலில் கதை, அடுத்து தெளிவான படம், மூன்றாவதுதான் நடிப்பு என்பது அவர் வேதம். நாடக மாயங்களை நீக்கி, நடந்தபடி எடுக்க வேண்டும் என்பது 1928 படத்தின் நோக்கம். ஓய்ஷியாக நடித்தவரின் நடிப்பில் அவருக்குத் திருப்தியில்லை. படத்தொகுப்பு அவர் வீட்டிலேயே நடந்தது. விளக்கின் சூட்டில் நைட்ரேட் சுருள் பற்றிக்கொண்டது. மூலச் சுருளில் ஒரு பகுதி எரிந்தது, வீடும் போயிற்று. எஞ்சியதை ஒட்டி வெளியிட்டார்கள். மறு ஆண்டே மகினோ இறந்தார். வாழ்நாளெல்லாம் ஒரே கதையைத் துரத்தியவருக்கு அதன் முழு வடிவம் கைக்கு எட்டவே இல்லை.

அதற்குள் பேசும் படம் வந்துவிட்டது. 1931இல் ஜப்பானின் முதல் முழுப் பேசும் படம் வெளிவந்த பிறகும், பென்ஷிகளின் செல்வாக்கால் அங்கே மௌனப் படம் சில ஆண்டுகள் தாக்குப்பிடித்தது. வேலை இழந்த பென்ஷிகள் வேலைநிறுத்தம் செய்தார்கள், தோற்றார்கள். அவர்களில் ஒருவர் பின்னாளில் இயக்குநரான அகிரா குரோசாவாவின் அண்ணன் ஹெய்கோ. அயல்நாட்டுப் படங்களுக்குப் பேசியவர். தம்பிக்குச் சினிமாவைக் காட்டிக்கொடுத்தவர். 1933இல் தற்கொலை செய்துகொண்டார். பிழைப்பு போன பென்ஷிகளுக்காகப் பழிவாங்க யாரும் புறப்படவில்லை. புறப்பட்டிருந்தாலும் வெட்டுவதற்கு அங்கே ஒரு கிரா இல்லை.

குரல் மட்டும் போய்விடவில்லை, இடம் மாறியது. 1941 டிசம்பர் 1 அன்று, போர் முற்றிய நேரத்தில், மிசோகுச்சி கெஞ்சியின் 'கென்ரோகு சூஷிங்குரா' முதல் பாகம் வெளியாயிற்று. ஒரு வாரத்தில் பெர்ல் ஹார்பர். அரசுக்கு வீரம் வேண்டியிருந்த அந்த நேரத்தில் மிசோகுச்சி செய்தது விசித்திரம். எல்லாரும் காத்திருந்த இரவுத் தாக்குதலை அவர் காட்டவே இல்லை. கடிதம் ஒன்று வாசிக்கப்படுகிறது. நடந்து முடிந்தது என்று தெரிகிறது. பேசும் படத்தின் வசதி அவ்வளவும் கையில் இருந்தபோது அவர் வாளை வாய்வார்த்தைக்குப் பின்னால் ஒளித்துவிட்டார். 1945இல் வந்த அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகமோ பழிவாங்குவதை நியாயப்படுத்துவது உட்படப் பதின்மூன்று பொருள்களைத் திரைக்குத் தடை செய்தது. சூஷிங்குரா மேடையிலும் நின்றுபோய் 1947இல்தான் திரும்பியது. பேரரசர், தளபதி, தணிக்கையாளர், ஆக்கிரமிப்பாளர் என்று ஒவ்வொருவரும் இந்தக் கதைக்குப் பென்ஷியாக நின்று பார்த்திருக்கிறார்கள்.

விசுவாசம் உயர்ந்த குணமா என்ற கேள்வியை இந்தப் படங்களின் முன் வைப்பதில் பயன் இல்லை. ஓய்ஷியிடம் இருந்தது ஷிமிசுவிடமும் இருந்தது. அந்தக் குணம் ஆளைப் பார்த்து வருவதில்லை. கேட்க வேண்டிய கேள்வி, யாருடைய விசுவாசத்துக்குக் கல்லறை கட்டினோம், யாருடையதைச் சண்டைக் காட்சியாக்கினோம் என்பது. செங்காகுஜியில் ஒவ்வொரு டிசம்பர் 14 அன்றும் ஊதுபத்திப் புகை மண்டும். பார்க்க வருபவர் கூட்டம் சொல்லி மாளாது. அன்றிரவு எதிர்ப்பக்கத்தில் இறந்தவர்களைச் சிலர் மட்டுமே நினைத்துக்கொள்கிறார்கள்.

இன்றும் ஜப்பானில் பென்ஷிகள் உண்டு. மட்சுதா ஷுன்சுய் பழைய சுருள்களைத் தேடிச் சேர்த்து அந்தக் கலையைக் காப்பாற்றினார். அவரிடம் பயின்ற சவாதோ மிதோரி பல பத்தாண்டுகளாக மேடையில் நிற்கிறார். அவர்கள் குரலோடு பழைய 'சூஷிங்குரா'வைப் பார்க்கக் கிடைத்தால் விடாதீர்கள். அந்தப் படம் எதற்காக எடுக்கப்பட்டதோ அது அப்போதுதான் கிடைக்கும். பிறகு இன்னொரு தடவை, ஒலியை முழுக்க நிறுத்திவிட்டுப் பாருங்கள். எஜமான் யார், விசுவாசி யார், எதிரியின் ஆள் யார் என்று உங்களுக்கு யாரும் சொல்லித்தர மாட்டார்கள். நீங்களேதான் தீர்மானிக்க வேண்டும்.